சூயஸ் கால்வாயின் பங்குக் கணக்கு

மத்தியதரைக் கடலையும் செங்கடலையும் இணைக்கும் சூயஸ் கால்வாய் 1869-இல் திறக்கப்பட்டபோது ஏறத்தாழ 164 கிலோமீட்டர் நீளமுடையதாக இருந்தது. ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றிக்கொண்டு லண்டனிலிருந்து பம்பாய்க்கு வந்த கப்பல்களின் கடல்வழித் தொலைவை அது சுமார் 40 விழுக்காடு குறைத்தது. அது பொறியியல் சாதனை என்பதைப் பள்ளிப் பாடநூல்கள் சொல்லிவிடுகின்றன. ஆனால், தன் மண்ணில், தன் குடிகளின் உழைப்பில், மூலதனத்தில் பாதிக்குச் சற்றுக் குறைவான பங்கைத் தானே சுமந்து வெட்டிய ஒரு கால்வாயின் வருமானத்தில், திறப்பு விழா நடந்த பதினோரு ஆண்டுகளுக்குள் எகிப்து காலணாவுக்கும் உரிமையற்றுப் போனது எவ்வாறு என்ற கேள்விக்கு விடை தேடுவோர், மண்வாரிக் கப்பல்களை விட்டுவிட்டு ஒப்பந்தத் தாள்களையும் பங்குப் பத்திரங்களையும் புரட்ட வேண்டியிருக்கிறது. எகிப்தின் இறையாண்மை பறிபோனதும் அது மீண்டதும், பெரும்பாலும் அந்தத் தாள்களின் வழியாகவே நிகழ்ந்தன.

இரு கடல்களையும் நீரால் இணைக்கும் எண்ணம் பழமையானது. பாரவோன் இரண்டாம் நெக்கோவின் காலத்தில் தொடங்கிப் பாரசீகப் பேரரசன் முதலாம் தாரியஸின் காலத்தில் நிறைவேறியதாகக் கருதப்படும் வாய்க்கால், நைல் ஆற்றின் கிளையொன்றைச் செங்கடலோடு சேர்த்தது. தாரியஸ் நாட்டிய கல்வெட்டுகள் இதற்குச் சான்று கூறுகின்றன. அது தூர்ந்தும் தூர்வாரப்பட்டும் பல நூற்றாண்டுகள் பயன்பட்டு, கி.பி. எட்டாம் நூற்றாண்டில் அப்பாசியக் கலீபா அல்-மன்சூரின் ஆட்சியில் அடைக்கப்பட்டது. நைலைத் தொடாமல் கடலிலிருந்து கடலுக்கு நேரே வெட்டும் திட்டத்தை முதலில் ஆராயச் செய்தவர், 1798-இல் எகிப்தின்மீது படையெடுத்த நெப்போலியன் ஆவார். அவருடைய தலைமைப் பொறியாளர் லெ பேர், போர்க்காலப் பதற்றத்தில் மேற்கொண்ட அளவீட்டில் தவறி, செங்கடலின் நீர்மட்டம் மத்தியதரைக் கடலைவிட ஏறத்தாழ 10 மீட்டர் உயரம் என்று முடிவு கட்டினார். 1847-இல் நடந்த புதிய அளவீடு இரு மட்டங்களும் கிட்டத்தட்ட ஒன்றே என்று காட்டும்வரை, அந்தப் பிழை அரை நூற்றாண்டு நிலைத்திருந்தது.

பொறியியல் தடை நீங்கிய பின்னும் அரசியல் தடை நீங்கவில்லை. ஒட்டோமான் சுல்தானுக்குப் பெயரளவில் கட்டுப்பட்டும் நடைமுறையில் தன்னுரிமையோடும் எகிப்தை ஆண்ட முகம்மது அலி, கால்வாய் என்ற பேச்சையே விரும்பவில்லை. துருக்கியின் நடுவே ஓடும் பாஸ்பரஸ் நீரிணையால் வல்லரசுகளின் பார்வை ஓயாமல் இஸ்தான்புல்லின்மேல் பதிந்திருப்பதைக் கண்டவர், அத்தகைய இன்னொரு நீர்வழியைத் தம் நாட்டில் உண்டாக்கிப் பகையை விலைக்கு வாங்க ஆயத்தமாக இல்லை. பின்னாளில் நடந்தவற்றைக் கொண்டு நோக்கினால், அவருக்குப் பின் ஆண்ட எவரையும்விட இந்தக் கால்வாயைச் சரியாக மதிப்பிட்டவர் அவரே எனலாம்.

அவருடைய மகன் முகம்மது சயீத் 1854-இல் பதவியேற்றபோது நிலைமை மாறியது. அலெக்சாந்திரியாவில் பிரெஞ்சுத் துணைத்தூதராக 1830-களில் பணியாற்றிய பெர்டினாண்ட் தெ லெஸ்ஸெப்ஸ், அப்போது சிறுவனாக இருந்த சயீதோடு நெருங்கிப் பழகியவர். மகனின் உடற்பருமனைக் குறைக்கத் தந்தை கடுமையான உணவுக் கட்டுப்பாடு விதித்திருந்தார் என்றும், அரண்மனையில் பசித்திருந்த பையன் லெஸ்ஸெப்ஸின் வீட்டில் மக்கரோனியை வயிறார உண்டான் என்றும் ஒரு கதை வழங்குகிறது. கதை எவ்வளவு உண்மையோ, சயீத் பதவியேற்ற செய்தி கேட்டதும் லெஸ்ஸெப்ஸ் எகிப்துக்கு விரைந்ததும், 1854 நவம்பர் 30-இல் கால்வாய் வெட்டும் உரிமையைப் பெற்றதும் உண்மை. அவர் பொறியாளரும் அல்லர், பணக்காரரும் அல்லர். ஓய்வுபெற்ற தூதரக அதிகாரி. அவரிடம் இருந்த முதல், ஆட்சியாளரின் நட்பு மட்டுமே.

1856 ஜனவரியில் விரிவாக்கப்பட்ட இந்த உரிமை ஒப்பந்தம், அதாவது அரசு தன் நிலத்தில் ஒரு தொழிலை நடத்திப் பயன்கொள்ளும் அதிகாரத்தைக் குறிப்பிட்ட காலத்துக்குத் தனியாரிடம் ஒப்படைக்கும் ஏற்பாடு, கால்வாய் திறக்கும் நாளிலிருந்து 99 ஆண்டுகளுக்குச் செல்லுபடியாகும் என்றது. நிகர இலாபத்தில் எகிப்திய அரசுக்கு 15 விழுக்காடு, நிறுவனர்களுக்கு 10 விழுக்காடு, எஞ்சிய 75 விழுக்காடு கால்வாயை வெட்டி நடத்த லெஸ்ஸெப்ஸ் அமைக்கும் கம்பெனிக்கு என்று பங்கீடு வகுக்கப்பட்டது. கால்வாய்க்கு வேண்டிய நிலத்தோடு, நன்னீர் வாய்க்கால் வெட்டி அதன் கரையில் பாசனம் செய்யும் உரிமையும் கம்பெனிக்குக் கிடைத்தது; வேலையாட்களில் ஐந்தில் நான்கு பேர் எகிப்தியராக இருக்க வேண்டும் என்ற விதியும் சேர்க்கப்பட்டது. உள்நாட்டாருக்கு வேலை தரும் ஏற்பாடு போலத் தோன்றும் அந்த விதி, நடைமுறையில் ஆள்பிடிக்கும் பொறுப்பை எகிப்திய அரசின் தலையில் கட்டியது.

1858 நவம்பரில் பங்குகள் விற்பனைக்கு வந்தன. பங்கு ஒன்று 500 பிராங்க் வீதம் 4,00,000 பங்குகள். மொத்த மூலதனம் 20 கோடி பிராங்க். பிரான்சில் கடைக்காரர்களும் ஆசிரியர்களும் ஓய்வூதியர்களும் உட்படப் பல்லாயிரவர் சேர்ந்து 2,07,111 பங்குகளை வாங்கினர். பிரிட்டன், ரஷ்யா, ஆஸ்திரியா, அமெரிக்கா ஆகிய நாடுகளுக்கென ஒதுக்கிவைத்தவை சீந்துவாரற்றுக் கிடந்தன. இந்தியாவுக்குச் செல்லும் வழியில் பிரெஞ்சுக்காரர் ஒரு வாயிலைக் கட்டுவதைப் பிரிட்டிஷ் பிரதமர் பாமர்ஸ்டன் இறுதிவரை எதிர்த்தார். கம்பெனி தொடங்குமுன்னே கவிழ்ந்துவிடும் என்ற நிலையில், லெஸ்ஸெப்ஸ் விற்காத பங்குகளையெல்லாம் சயீதின் கணக்கில் எழுதினார். முன்பே ஒப்புக்கொண்ட 64,000 பங்குகளோடு இவையும் சேர, எகிப்தின் பங்கு 1,77,642 ஆனது. சயீத் முணுமுணுத்தார், ஆனால் மறுக்கவில்லை. எகிப்தை முடிவில் மூழ்கடித்த கடனுக்கு இங்கேதான் வித்திடப்பட்டது.

1859 ஏப்ரல் 25-இல், பின்னர் சயீதின் பெயராலேயே போர்ட் சயீத் என்று வழங்கிய கடற்கரையில் வேலை தொடங்கியது. முதல் ஐந்தாண்டுகளில் மண்ணை அள்ளியவை பெரும்பாலும் மனிதக் கைகளே. அரசு ஆணையிட்டு ஊர்களிலிருந்து குடியானவர்களைத் திரட்டிப் பொதுவேலைக்கு அனுப்பும் முறை, தமிழகக் கல்வெட்டுகளில் 'வெட்டி' என்று குறிக்கப்படும் கட்டாய உழைப்பை ஒத்தது, எகிப்தில் நெடுங்காலமாக இருந்துவந்தது. வாய்க்கால்களையும் நைலின் கரைகளையும் பேணுவதற்கு ஏற்பட்ட அம்முறையை வெளிநாட்டுக் கம்பெனி ஒன்றின் வேலைக்குத் திருப்பிவிட்டதே இங்கு புதுமை. மாதந்தோறும் சுமார் 20,000 பேர் வேலைக்களத்தில் இருக்க, இன்னொரு 20,000 பேர் வந்துகொண்டும் முந்திய 20,000 பேர் ஊர் திரும்பிக்கொண்டும் இருந்தமையால், எந்த நேரத்திலும் 60,000 உழவர்கள் தம் வயலைவிட்டு விலகியிருந்தனர். கூலி நாளொன்றுக்கு இரண்டரை முதல் மூன்று பியாஸ்தர். 12 வயதுக்குக் குறைந்தோருக்கு ஒரு பியாஸ்தர். சிறுவர் கூலியைத் தனியே நிர்ணயித்த அந்த 1856-ஆம் ஆண்டு ஆணையே, சிறுவர்களும் கூடைசுமக்க வருவர் என்பதை எதிர்பார்த்து எழுதப்பட்டது என்பதைச் சொல்லிவிடுகிறது. நன்னீர் வாய்க்கால் பாலைவனத்துக்குள் வந்து சேரும்வரை குடிநீரை ஒட்டகங்களிலும் படகுகளிலும் கொண்டுவர வேண்டியிருந்தது. எத்தனை பேர் மாண்டனர் என்பது இன்றும் தீராத வழக்கு. ஒரு நூற்றாண்டுக்குப் பின் அரசியல் மேடையில் ஒலித்த 1,20,000 என்னும் எண்ணிக்கையை வரலாற்றாசிரியர் பலர் ஏற்பதில்லை.

1863-இல் சயீத் இறக்க, அவருடைய அண்ணன் மகன் இஸ்மாயில் பட்டத்துக்கு வந்தார். கட்டாய உழைப்பை நிறுத்த வேண்டும் என்று பிரிட்டன் இஸ்தான்புல் வழியாக நெருக்கியது. அந்தக் கோரிக்கை மனிதநேயத்தால் எவ்வளவு எழுந்ததோ, அதைவிட அதிகமாகக் கால்வாயைக் கெடுக்கும் நோக்கத்தால் எழுந்தது. இஸ்மாயிலும் தம் பருத்தி வயல்களுக்கு ஆள் தேவைப்பட்டமையால் அதற்கு இசைந்தார். ஒப்பந்தம் முறிந்ததென்று கம்பெனி முறையிட, வழக்கைத் தீர்க்கும் நடுவராகப் பிரெஞ்சுப் பேரரசர் மூன்றாம் நெப்போலியன் அமர்ந்தார். அவருடைய மனைவி யூஜினி, லெஸ்ஸெப்ஸுக்கு உறவினர். 1864 ஜூலையில் வெளிவந்த தீர்ப்பின்படி, கட்டாய உழைப்பை நிறுத்தியதற்காக 3.8 கோடி, கம்பெனிக்குக் கொடுத்த நிலங்களைத் திரும்பப் பெறுவதற்காக 3 கோடி, நன்னீர் வாய்க்காலுக்காக 1.6 கோடி, ஆக 8.4 கோடி பிராங்க் எகிப்து செலுத்த வேண்டியதாயிற்று. தன் குடிகளைக் கட்டாய வேலைக்கு அனுப்பாதிருப்பதற்கு ஓர் அரசு தண்டம் கட்டிய விந்தை, அக்காலப் பத்திரிகைகள் பலவற்றுக்கு விந்தையாகவே தோன்றவில்லை. அத்தொகை, கம்பெனி தொடங்கியபோது திரட்ட எண்ணிய மூலதனத்தில் ஐந்தில் இரண்டு பங்குக்கும் மேல். அந்தப் பணத்தைக் கொண்டு கம்பெனி நீராவி மண்வாரிகளை வாங்கியது; எஞ்சிய மண்ணில் பெரும்பகுதியை அவையே அள்ளின.

அமெரிக்க உள்நாட்டுப் போரால் 1861 முதல் எகிப்தியப் பருத்தியின் விலை வானளாவ ஏறியிருந்தது. போர் 1865-இல் முடிந்ததும் விலை சரிந்தது. இஸ்மாயிலின் செலவோ சரியவில்லை. இருப்புப் பாதைகள், பள்ளிகள், கெய்ரோவின் புதிய வீதிகள், அரண்மனைகள் எல்லாம் ஐரோப்பிய வங்கிகளின் கடனில் எழுந்தன. 1869 நவம்பர் 17-இல் நடந்த திறப்பு விழா அந்தச் செலவின் சிகரம். பேரரசி யூஜினி 'லேக்ல்' என்னும் கப்பலில் முதலில் செல்ல, ஆஸ்திரியப் பேரரசர் பிரான்ஸ் ஜோசப், பிரஷ்யாவின் பட்டத்து இளவரசர் ஆகியோர் பின்தொடர்ந்தனர். வெர்டியின் 'ஐடா' இசை நாடகம் இவ்விழாவுக்காக எழுதப்பட்டது என்று வினாடி வினா நூல்களில் அடிக்கடி காணப்படும் செய்தி தவறு. கெய்ரோவின் புதிய நாடக அரங்கு அம்மாதம் திறந்தபோது நடந்தது அவருடைய 'ரிகொலெத்தோ', 'ஐடா' அரங்கேறியது 1871-இல். கால்வாயின் வாயிலில் கையில் விளக்கேந்திய எகிப்தியக் குடியானவப் பெண்ணின் பேருருவை நிறுவலாம் என்று பிரெஞ்சுச் சிற்பி பார்தோல்தி இஸ்மாயிலிடம் காட்டிய திட்டம் கைகூடவில்லை. அதே சிற்பியின் விளக்கேந்திய மற்றொரு பெண் பின்னாளில் நியூயார்க் துறைமுகத்தில் நின்றாள்.

விழாவுக்குச் சில மாதங்கள் முன்பு, 1869 ஏப்ரலில், பெரிதாக எவரும் கவனிக்காத ஓர் உடன்பாடு கையெழுத்தானது. எஞ்சியிருந்த சில சலுகைகளைக் கம்பெனியிடமிருந்து மீட்க 3 கோடி பிராங்க் தேவைப்பட்டது. கையில் பணமில்லாத இஸ்மாயில், தம் பங்குப் பத்திரங்களோடு இணைந்திருந்த கூப்பன்களை, அதாவது ஆண்டுதோறும் கிழித்துக் கொடுத்து வட்டியும் இலாபமும் பெற உதவும் துண்டுச் சீட்டுகளை, 25 ஆண்டுகளுக்குக் கம்பெனியிடமே ஒப்படைத்தார். பத்திரம் எகிப்தின் பெட்டியில் இருந்தது. அதன் பயன் 1894 வரை வேறிடத்தில் இருந்தது.

முதலாண்டுகளில் கால்வாயின் வருமானம் எதிர்பார்த்ததற்கு வெகு குறைவு. செங்கடலின் காற்று பாய்மரக் கப்பல்களுக்கு ஒவ்வாது. நீராவிக் கப்பல்கள் பெருகும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பெருகியபோது அவற்றில் முக்கால்வாசி பிரிட்டிஷ் கொடி ஏந்தியவை. எதிர்த்தவரே முதல் வாடிக்கையாளர் ஆகிவிட்ட நிலையில், 1875 நவம்பரில் இஸ்மாயில் கடன் தவணைக்குப் பணமின்றித் தம் பங்குகளைப் பிரெஞ்சு நிதிக் குழுக்களுக்கு விற்கவோ அடகு வைக்கவோ பேசிக்கொண்டிருக்கும் செய்தி, பத்திரிகை ஆசிரியர் பிரெடெரிக் கிரீன்வுட் வழியாக லண்டனுக்கு எட்டியது. நாடாளுமன்றம் கூடாத காலம். பிரதமர் டிஸ்ரேலி, லயனல் ராத்ஸ்சைல்டின் வங்கியிடம் 40 இலட்சம் பவுண்டு கேட்டுப் பெற்றார். வங்கிக்கு இரண்டரை விழுக்காடு தரகு. கெய்ரோவில் பிரிட்டிஷ் தூதரகத்துக்கு வந்த பத்திரங்களை எண்ணியபோது 1,040 குறைந்தன. ஆகவே 1,76,602 பங்குகளுக்கு விலை 39,76,582 பவுண்டு என்று திருத்தப்பட்டது. பத்திரங்கள் துத்தநாகத் தகடு வேய்ந்த பெட்டிகளில் அடைக்கப்பட்டு, 'மலபார்' என்னும் துருப்புக் கப்பலில் இங்கிலாந்துக்குச் சென்றன.

பத்திரத்தில் கூப்பன் இல்லாத குறையையும் பிரிட்டன் மறக்கவில்லை. 1894 வரை பங்குகளால் இலாபம் வராது என்பதால், அதுவரை கொள்முதல் தொகைக்கு ஆண்டுக்கு 5 விழுக்காடு வட்டியை எகிப்தே பிரிட்டனுக்குச் செலுத்த வேண்டும் என்பது விற்பனை நிபந்தனை. விற்ற பொருளுக்கு விற்றவரே 19 ஆண்டுகள் வட்டி கட்டிய இந்த ஏற்பாடு, கால்வாய் வரலாற்றில் டிஸ்ரேலியின் மதிநுட்பமாகப் புகழப்படும் பேரத்தின் மறுபக்கம். மறு ஆண்டே எகிப்து கடன் தவணைகளை நிறுத்தியது. மொத்தக் கடன் சுமார் 9 கோடி பவுண்டை எட்டியிருந்தது. வரவு செலவை மேற்பார்வையிட ஐரோப்பியக் கடன் ஆணையம் அமர்ந்தது. 1879-இல் வல்லரசுகளின் சொற்படி சுல்தான் இஸ்மாயிலைப் பதவி நீக்கினார். 1880-இல், இலாபத்தில் எஞ்சியிருந்த அந்த 15 விழுக்காட்டு உரிமையும் 2.2 கோடி பிராங்குக்குப் பிரெஞ்சு நிதி நிறுவனம் ஒன்றிடம் போயிற்று. அதன்பின் அரை நூற்றாண்டுக்கு மேல், கால்வாயின் இலாபத்தில் எகிப்துக்குப் பங்கே இல்லை.

பணக் கணக்கில் தொடங்கியது படைக் கணக்கில் முடிந்தது. குடியானவர் குடும்பத்தில் பிறந்து இராணுவத்தில் உயர்ந்த அகமது உராபி, எகிப்து எகிப்தியருக்கே என்னும் இயக்கத்தின் தலைவராக எழ, 1882 ஜூலையில் பிரிட்டிஷ் கடற்படை அலெக்சாந்திரியாவைக் குண்டுவீசித் தாக்கியது. கால்வாயை அடைத்துவிட்டால் எதிரி அவ்வழியே இறங்க முடியாது என்று உராபியின் தளபதிகள் வற்புறுத்தினர். கால்வாய் நடுநிலையானது, அதைப் போரில் பயன்படுத்த எவரும் துணியார் என்று லெஸ்ஸெப்ஸ் உறுதி கூறினார். உராபி அதை நம்பித் தயங்கினார். ஜெனரல் வூல்ஸ்லி கால்வாய் வழியே இஸ்மாயிலியாவில் படையிறக்கி, செப்டம்பர் 13-இல் தெல் அல்-கபீரில் எகிப்தியப் படையை முறியடித்தார். இந்தியாவிலிருந்து சென்ற துருப்புகளில் மதராஸ் சாப்பர்ஸ் என்னும் சென்னை மாகாணப் பொறியாளர் படையும் இருந்தது.

உராபியும் தோழர்களும் இலங்கைக்கு நாடு கடத்தப்பட்டு 1883 ஜனவரியில் கொழும்பு வந்து சேர்ந்தனர். அங்கு அவர்களை மதித்து வரவேற்ற முஸ்லிம் தலைவர்களில் கண்டியைச் சேர்ந்த வழக்கறிஞர் சித்திலெப்பை முதன்மையானவர். 'முஸ்லிம் நேசன்' இதழை நடத்தியவரும், தமிழின் தொடக்ககால நாவல்களுள் ஒன்றாக 1885-இல் வெளிவந்த 'அசன்பே சரித்திர'த்தை எழுதியவரும் அவரே. எகிப்தியப் பின்னணியுடைய அக்கதைக்கும் கொழும்பில் வாழ்ந்த எகிப்தியப் பாஷாக்களுக்கும் இருந்த தொடர்பு இன்னும் நுணுகி ஆராயத்தக்கது. 1892-இல் கொழும்பில் தொடங்கிய சாஹிராக் கல்லூரியின் புரவலராக உராபி விளங்கினார். 1901-இல்தான் நாடு திரும்ப அனுமதி கிடைத்தது.

இடையில், போரிலும் அமைதியிலும் எல்லா நாட்டுக் கப்பல்களுக்கும் கால்வாய் திறந்திருக்கும் என்று 1888-இல் வல்லரசுகள் இஸ்தான்புல்லில் உடன்பட்டன. பிரிட்டன் வைத்த மறுப்புரையால் அது 1904 வரை முழுமையாக நடைமுறைக்கு வரவில்லை. 1910-இல், 40 இலட்சம் பவுண்டு பெற்றுக்கொண்டு கம்பெனியின் உரிமையை 1968-லிருந்து 2008 வரை நீட்டிக்கும் யோசனை எழுந்தது. முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன் டிஸ்ரேலி சொன்ன அதே தொகை இங்கும் வந்தது தற்செயலே. ஆனால் எகிப்தியருக்கு நினைவு மங்கவில்லை. யோசனையை ஆதரித்த பிரதமர் பூத்ரோஸ் காலி பாஷா சுட்டுக் கொல்லப்பட்டார்; எகிப்தியப் பேரவை யோசனையை நிராகரித்தது. பின்னாளில் ஐ.நா. பொதுச்செயலாளரான பூத்ரோஸ் பூத்ரோஸ்-காலி அவருடைய பேரன்.

1952-இல் மன்னராட்சி வீழ்ந்து, 1956 ஜூனில் கடைசிப் பிரிட்டிஷ் துருப்பும் கால்வாய்ப் பகுதியைவிட்டு வெளியேறிய பின், எஞ்சியது கம்பெனி மட்டுமே. அஸ்வான் அணைக்கு வாக்களித்த நிதியுதவியை ஜூலை 19-இல் அமெரிக்கா திரும்பப் பெற்றது. ஒரு வாரம் கழித்து, ஜூலை 26 மாலை, எகிப்திய அதிபர் கமால் அப்துல் நாசர் அலெக்சாந்திரியாவில் உரையாற்றும்போது லெஸ்ஸெப்ஸின் பெயரைப் பலமுறை உச்சரித்தார். அப்பெயரே குறிச்சொல், அதைக் கேட்டதும் பொறியாளர் மஹ்மூத் யூனிசின் குழுவினர் இஸ்மாயிலியாவில் கம்பெனி அலுவலகங்களுக்குள் நுழைந்தனர். அவ்வுரையில் நாசர் வாசித்ததும் ஒரு கணக்கே: 1955-இல் கம்பெனியின் வருமானம் 3.5 கோடி பவுண்டு, எகிப்துக்குக் கிடைத்தது 10 இலட்சம். நாட்டுடைமைச் சட்டம் பங்குகளைப் பறிமுதல் செய்யவில்லை. பாரிஸ் பங்குச் சந்தையின் முந்தைய இறுதி விலையில் ஈடு தருவதாக அறிவித்தது. 1875-இல் நடந்ததைத் தலைகீழாக்கிய இந்த நுட்பமான பிரிவு, நாசரின் ஆவேசப் பேச்சில் பலருடைய கவனத்துக்குத் தப்பியது.

ஆகஸ்டில் லண்டனில் கூடிய மாநாட்டில் பன்னாட்டு நிர்வாகத்தை 18 நாடுகள் ஆதரித்தன. எகிப்தின் உரிமையை ஏற்று ஆலோசனைக் குழு மட்டும் அமைக்கலாம் என்று இந்தியாவின் சார்பில் வி.கே. கிருஷ்ண மேனன் வைத்த மாற்றுத் திட்டத்தை இலங்கை, இந்தோனேசியா, சோவியத் ஒன்றியம் ஆதரித்தன. எகிப்தியரால் கால்வாயை நடத்த முடியாது என்பதே மேற்கின் வாதம். செப்டம்பர் நடுவில் வெளிநாட்டு மாலுமி வழிகாட்டிகள் கூண்டோடு விலகினர். கப்பல்கள் தடையின்றிப் போய்க்கொண்டிருந்தன. வாதம் பொய்த்தபின், பாரிஸுக்கு அருகே செவ்ர் என்னுமிடத்தில் பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் மூன்றும் அக்டோபர் 24-இல் கமுக்கமாகக் கையெழுத்திட்ட திட்டப்படி, 29-இல் இஸ்ரேல் சினாயில் புக, சண்டையை விலக்குவோர் என்ற பாவனையில் மற்ற இரண்டும் போர்ட் சயீதில் இறங்கின. எகிப்து கப்பல்களைக் கால்வாயில் மூழ்கடித்து வழியை அடைத்தது. உராபி செய்யத் தயங்கியதை நாசர் தயங்காமல் செய்தார். பவுண்டு நாணயம் சரிய, கைகொடுக்க அமெரிக்கா மறுக்க, நவம்பர் 6 நள்ளிரவில் பிரிட்டன் போரை நிறுத்தியது. பிரதமர் ஈடன் ஜனவரியில் பதவி விலகினார். போர்ட் சயீதின் அலைதடுப்புச் சுவர்மேல் 1899 முதல் நின்ற லெஸ்ஸெப்ஸின் சிலையை, படைகள் வெளியேறியதும் எகிப்தியர் வெடிவைத்துத் தகர்த்தனர்.

கணக்கு முடிக்க இன்னும் சில ஆண்டுகள் ஆயின. 1958 ஜூலையில் ஏற்பட்ட உடன்பாட்டின்படி, பங்குதாரர்களுக்கு 2.83 கோடி எகிப்தியப் பவுண்டு ஈடாக முடிவாகி, 1963 தொடக்கத்தில் கடைசித் தவணையும் தீர்ந்தது. கம்பெனி அந்தப் பணத்தோடு பாரிஸில் நிதி நிறுவனமாக வாழ்வைத் தொடர்ந்தது. நாசர் பொறுத்திருந்தால் 99 ஆண்டு உரிமை தானாகவே 1968 நவம்பரில் காலாவதியாகிக் கால்வாய் ஈடின்றி எகிப்தின் கைக்கு வந்திருக்கும் என்று வாதிடுவோர் உண்டு. அந்த நவம்பரில் கால்வாய் எவருக்கும் பயன்படாமல் கிடந்தது. 1967 ஜூன் போரில் மூடப்பட்ட அதன் நடுவே, பெரிய கசப்பு ஏரியில், 14 வணிகக் கப்பல்கள் சிக்கியிருந்தன. அவற்றின் மாலுமிகள் தமக்குள் சங்கம் அமைத்து, சொந்தமாக அஞ்சல் தலைகூட வெளியிட்டுப் பொழுதைக் கழித்துவந்தனர். 1975 ஜூன் 5-இல் அதிபர் அன்வர் சதாத் கால்வாயை மீண்டும் திறந்தார். அதன் சுங்கம் எகிப்துக்கே செல்கிறது.